இடத்தை விட்டு எழுந்திருக்காத ஆசிரியை
ஐடா பி. வெல்ஸ் அம்மையார் வாழ்க்கை வரலாறு



காந்தியடிகளைத் தென்னாப்பிரிக்காவில் ரயிலை விட்டு இறக்கிவிட்ட கதை நம் பிள்ளைகளுக்கு நன்றாகத் தெரியும். மூன்றாம் வகுப்புப் பிள்ளையைக் கேட்டாலும் சொல்லிவிடும். அது நடந்தது 1893ஆம் ஆண்டில். அதற்குச் சுமார் பத்து ஆண்டுகளுக்கு முன்பே அமெரிக்காவில் ஒரு பெண்ணையும் அதே மாதிரி ரயில் பெட்டியை விட்டு இழுத்துப் போட்டார்கள். கையில் முதல் வகுப்பு டிக்கெட் வைத்திருந்தும் இந்தக் கதி. தோல் கறுப்பாக இருந்தது என்பதைத் தவிர வேறு குற்றம் எதுவும் அவர் செய்யவில்லை.

அந்தப் பெண் ஒரு பள்ளிக்கூட ஆசிரியை. கிராமத்துப் பள்ளியில் பாடம் சொல்லிக் கொடுத்து, அந்தச் சம்பளத்தில் தம்பி தங்கைகளைக் காப்பாற்றியவர். ஐடா பி. வெல்ஸ் என்பது அவர் பெயர். அவரைப் பற்றி நம் பிள்ளைகள் தெரிந்துகொள்ள வேண்டும் என்ற ஆசையினால்தான் இந்த மலரில் இதை எழுதுகிறேன்.

பிறப்பும் பெற்றோரும்

அமெரிக்காவின் தென்பகுதியில் மிசிசிப்பி என்று ஒரு மாநிலம். பருத்தி விளையும் பூமி. அங்கே ஹோலி ஸ்பிரிங்ஸ் என்னும் ஊரில் 1862ஆம் ஆண்டு ஜூலை 16ஆம் நாள் ஐடா பிறந்தார். பிறக்கும்போதே அவர் அடிமை. தாய் தந்தையர் இருவரும் அடிமைகள் என்பதால் பிள்ளையும் அடிமை என்பதுதான் அன்றைய சட்டம். 1865இல் உள்நாட்டுப் போர் முடிந்து அடிமை முறை ஒழிந்தபோது ஐடாவுக்கு மூன்று வயது.

தந்தையார் ஜேம்ஸ் வெல்ஸ் தச்சு வேலை தெரிந்தவர். தாயார் எலிசபெத் சமையல் வேலை செய்தவர். விடுதலை கிடைத்ததும் அவர்கள் முதலில் நினைத்தது பிள்ளைகளின் படிப்பைத்தான். கறுப்பின மக்களுக்காகப் புதிதாகத் தொடங்கிய பள்ளியில் பிள்ளைகளைச் சேர்த்தார்கள். தாயாரும் கூடவே போய் எழுத்துக் கற்றுக்கொண்டார். வேத புத்தகத்தைத் தானே படிக்க வேண்டும் என்று அந்த அம்மாவுக்கு அவ்வளவு ஆசை. தந்தையாரும் நண்பர்களும் மாலையில் கூடி உட்கார, சின்னப் பெண் ஐடா அவர்களுக்குப் பத்திரிகை படித்துக் காட்டுவாள்.

தந்தையாரைப் பற்றி ஒரு செய்தியைச் சொல்லியே ஆக வேண்டும். விடுதலைக்குப் பிறகும் அவர் பழைய முதலாளியிடம்தான் தச்சு வேலை பார்த்தார். கறுப்பின ஆண்களுக்கு ஓட்டுரிமை வந்தது. முதலாளி, தான் சொல்லும் கட்சிக்கே ஓட்டுப் போட வேண்டும் என்றார். ஜேம்ஸ் தன் மனசுக்குப் பட்டபடி போட்டார். திரும்பி வந்து பார்த்தால் பட்டறைக் கதவு பூட்டிக் கிடந்தது. அவர் சண்டை போடவில்லை, கெஞ்சவும் இல்லை. யாரிடமும் ஒரு வார்த்தை பேசாமல் கடைத்தெருவுக்குப் போய்ப் புதுச் சாமான்கள் வாங்கினார். எதிர்ப்பக்கம் ஒரு வீட்டை வாடகைக்கு எடுத்தார். சொந்தமாக வேலையைத் தொடங்கிவிட்டார். மகள் பின்னாளில் எப்படி இருந்தாள் என்பதற்கு விதை இங்கேதான் விழுந்தது.

பதினாறு வயதில் குடும்பத் தலைவி

1878ஆம் ஆண்டு அந்த ஊரில் மஞ்சள் காய்ச்சல் பரவியது. ஐடா அப்போது பாட்டி வீட்டில் இருந்தாள். தாய், தந்தை, ஒன்பது மாதக் கைக்குழந்தைத் தம்பி மூவரும் இறந்துவிட்டார்கள் என்று செய்தி வந்தது. ஊருக்குப் போனால் நீயும் செத்துப் போவாய் என்று எல்லோரும் தடுத்தார்கள். பயணிகள் ரயில் ஓடவில்லை. சரக்கு ரயிலில் ஏறிப் போய்ச் சேர்ந்தாள்.

வீட்டில் ஐந்து பேர் இவளுக்குக் கீழே. தந்தையார் உறுப்பினராக இருந்த சங்கத்துப் பெரியவர்கள் கூடிப் பேசினார்கள். ஆளுக்கு ஒரு பிள்ளையாகப் பிரித்துக் கொடுத்துவிடலாம் என்று முடிவு செய்தார்கள். முதுகெலும்பு வளைந்து நடக்க முடியாத ஒரு தங்கையை மட்டும் யாரும் கேட்கவில்லை. அவளை ஏழைகள் விடுதிக்கு அனுப்புவதாகத் தீர்மானம். பேசாமல் கேட்டுக்கொண்டிருந்த ஐடா எழுந்து நின்று, என் பெற்றோர் பெற்ற பிள்ளைகளைப் பிரிக்க விட மாட்டேன், எனக்கு ஒரு வேலை மட்டும் தேடிக் கொடுங்கள், நான் காப்பாற்றுகிறேன் என்றாள். வயது பதினாறு!

ஆசிரியர் தேர்வு எழுதித் தேறினாள். சின்னப் பெண்ணாகத் தெரியக்கூடாது என்று பாவாடையின் நீளத்தைக் கூட்டித் தைத்துக்கொண்டாள். ஆறு மைல் தொலைவில் ஒரு கிராமத்துப் பள்ளி. மாதச் சம்பளம் 25 டாலர். வெள்ளிக்கிழமை மாலை கோவேறு கழுதை மேல் ஏறி வீட்டுக்கு வருவாள். சனி, ஞாயிறு முழுக்கத் துணி துவைப்பதும் சமைப்பதும்தான் வேலை. மறுபடி கழுதை, மறுபடி பள்ளி. நம் தோட்டங்களிலும் தாய் தகப்பனை இழந்து தம்பி தங்கைகளை ஆளாக்கிய அக்காமார்கள் உண்டு. அவர்களுக்கு இந்தக் கஷ்டத்தை நான் விளக்க வேண்டியதில்லை.

ரயிலில் நடந்தது

சில ஆண்டுகளில் தம்பிகள் தச்சு வேலை கற்கப் போனார்கள். நடக்க முடியாத தங்கையைச் சொந்தக்காரர் வீட்டில் வைத்துப் பார்த்துக்கொண்டார்கள். ஐடா சிறிய தங்கைகள் இருவரோடு டென்னசி மாநிலத்து மெம்பிஸ் நகரத்துக்கு வந்தார். வேலை கிடைத்த பள்ளி நகரத்துக்கு வெளியே, ரயிலில் போய்வரும் தூரத்தில் இருந்தது.

அந்தக் காலத்தில் தென்மாநிலங்களில் சட்டங்கள் மெல்ல மெல்ல மாறிக்கொண்டிருந்தன. போர் முடிந்த புதிதில் கிடைத்த உரிமைகளை ஒவ்வொன்றாகப் பிடுங்கினார்கள். ரயிலில் கறுப்பினத்தவருக்குத் தனிப் பெட்டி என்று டென்னசி மாநிலம் 1881லேயே சட்டம் செய்தது. முதல் வகுப்புக் கட்டணம் வாங்கினால் முதல் வகுப்பு வசதியும் தர வேண்டும் என்று அந்தச் சட்டத்தில் எழுதியிருந்தது. ஆனால் நடைமுறையில், புகைபிடிப்பவர்களும் குடிகாரர்களும் உட்காரும் முன்பெட்டிதான் கறுப்பினப் பெண்களுக்கும் கிடைத்தது.

ஐடாவுக்கு அப்போது 21 வயது. முதல் வகுப்பு டிக்கெட் வாங்கி, எப்போதும்போலப் பெண்கள் பெட்டியில் உட்கார்ந்து புத்தகம் படித்துக்கொண்டிருந்தார். கண்டக்டர் வந்தார். டிக்கெட்டை வாங்க மாட்டேன், முன்பெட்டிக்குப் போ என்றார். இது பெண்கள் பெட்டி, நான் ஒரு பெண், டிக்கெட்டும் இருக்கிறது, இங்கேயேதான் இருப்பேன் என்றார் ஐடா. கண்டக்டர் அவர் கையைப் பிடித்து இழுத்தார். ஐடா என்ன செய்தார் தெரியுமா? அந்தக் கையை நறுக்கென்று கடித்துவிட்டார்! முன்னிருக்கையில் காலை ஊன்றி, பின்னால் இறுகப் பிடித்துக்கொண்டார். கண்டக்டர் ஓடிப் போய் இன்னும் இரண்டு ஆள்களைக் கூட்டி வந்தார். மூன்று ஆண்கள் சேர்ந்து ஒரு சிறிய உருவமுள்ள பெண்ணை இழுத்தார்கள். சட்டைக் கை கிழிந்தது. பெட்டியிலிருந்த வெள்ளைக்காரப் பயணிகள் இருக்கை மேல் ஏறி நின்று கை தட்டினார்கள். அந்தக் கைதட்டலை நினைத்தால்தான் எனக்கு மனசு வலிக்கிறது. இழுத்தவன் சம்பளத்துக்கு வேலை செய்தவன். கை தட்டியவர்களுக்கு யார் சம்பளம் கொடுத்தார்கள்?

புகைப் பெட்டியில் உட்காருவதைவிட இறங்கிவிடுவதே மேல் என்று ஐடா அடுத்த நிலையத்தில் இறங்கினார். நேராக வழக்கறிஞரிடம் போனார்.

வழக்கில் வெற்றி, பிறகு தோல்வி

முதலில் அமர்த்திய வழக்கறிஞர் இழுத்தடித்தார். ஐடா வேறு வழக்கறிஞரை வைத்தார். ரயில் கம்பெனி சமாதானம் பேச ஆள் மேல் ஆள் அனுப்பியது. ஐடா மறுத்துவிட்டார். 1884 டிசம்பரில் கீழ்க்கோர்ட்டு அவர் பக்கம் தீர்ப்புச் சொல்லி, 500 டாலர் நஷ்ட ஈடு கொடுக்க உத்தரவிட்டது. அவர் முதலில் வாங்கிய சம்பளப்படி பார்த்தால் இருபது மாதச் சம்பளம்.

ஆனால் கம்பெனி மேல்முறையீடு செய்தது. 1887இல் டென்னசி மாநில உச்ச நீதிமன்றம் தீர்ப்பைத் தலைகீழாகப் புரட்டியது. இந்தப் பெண் வசதியான இடம் தேடி அங்கே உட்காரவில்லை, கம்பெனிக்குத் தொல்லை கொடுக்கவே உட்கார்ந்தாள் என்று நீதிபதிகள் கருதினார்கள். நஷ்ட ஈடு போனதோடு, 200 டாலருக்கு மேல் கோர்ட்டுச் செலவும் ஐடா தலையில் விழுந்தது. தன் இனத்தாருக்குச் சட்டம் நியாயம் செய்யும் என்று நம்பிய மனம் உடைந்து போய், அவர் தன் நாட்குறிப்பில் வேதனையைக் கொட்டியிருக்கிறார்.

மாணவர்களே, கதைகளில் நல்லவர் கடைசியில் ஜெயிப்பார். இங்கே அவர் தோற்றார். அப்படியானால் அவர் செய்தது வீணா? தொடர்ந்து படியுங்கள்.

பேனா பிடித்த ஆசிரியை

இந்த வழக்கைப் பற்றி ஒரு திருச்சபைப் பத்திரிகையில் ஐடா கட்டுரை எழுதினார். படித்தவர்கள் இன்னும் எழுதச் சொன்னார்கள். ஐயோலா என்ற புனைபெயரில் பல பத்திரிகைகளில் எழுதலானார். சாதாரணப் படிப்புள்ளவர்களுக்கும் விளங்க வேண்டும் என்று எளிய நடையில் எழுதினார். 1889இல் மெம்பிஸ் நகரத்து ஃப்ரீ ஸ்பீச் என்ற பத்திரிகையில் பங்குதாரர் ஆனார். பின்னாளில் அந்தப் பத்திரிகையை ரோஜா நிறத் தாளில் அச்சிட்டார்கள். காரணம் என்னவென்றால், எழுத்துத் தெரியாதவர்களிடம் சிலர் வேறு பத்திரிகையைக் கொடுத்து ஏமாற்றிக் காசு வாங்கினார்கள். நிறத்தைப் பார்த்தால் படிக்காதவர்களும் கண்டுபிடித்துவிடலாம் அல்லவா!

1891இல் அவர் ஒரு கட்டுரை எழுதினார். கறுப்பினப் பிள்ளைகளின் பள்ளிக் கட்டடங்கள் மோசமாக இருப்பதையும், தகுதியில்லாத சிலரை ஆசிரியர்களாக நியமிப்பதையும் கண்டித்தார். பலன், அடுத்த ஆண்டுக்கு வேலை இல்லை. ஓர் ஆசிரியராக இருந்து இந்த இடத்தை எழுதும்போது என் பேனா கொஞ்சம் நிற்கிறது. பள்ளிக்கூடத்தின் குறையைச் சொல்ல நமக்கு எல்லாம் நாக்கு எழும்பாது. வேலை போய்விடுமோ என்ற பயம்தான். அவருக்குப் போயே போய்விட்டது. அதைவிட, தாம் யாருக்காகப் பேசினாரோ அந்தப் பெற்றோர்களில் சிலரே, வேலை போகும் என்று தெரிந்தும் ஏன் எழுதினாய் என்று கேட்டதுதான் அவரை அதிகமாக வருத்தியது.

டிராம் வண்டிகள் காலியாக ஓடிய கதை

1892 மார்ச் மாதம் மெம்பிஸ் நகரத்தில் ஒரு கொடுமை நடந்தது. தாமஸ் மாஸ் என்ற தபால்காரரும் அவருடைய கூட்டாளிகளும் சேர்ந்து மளிகைக் கடை நடத்தி வந்தார்கள். எதிரே கடை வைத்திருந்த வெள்ளைக்காரருக்கு வியாபாரம் குறைந்தது. சண்டை மூண்டது. தாமஸ் மாஸ், கால்வின் மக்டவல், வில் ஸ்டுவர்ட் ஆகிய மூவரும் சிறையில் இருந்தபோது, ஒரு கும்பல் அவர்களை இரவில் வெளியே இழுத்துச் சென்று சுட்டுக் கொன்றது. விசாரணை இல்லை, தீர்ப்பும் இல்லை. கொன்றவர்கள் யாருக்கும் தண்டனையும் இல்லை. தாமஸ் மாஸ் ஐடாவின் உயிர் நண்பர். அவருடைய பெண் குழந்தைக்கு ஐடாதான் ஞானத்தாய்.

ஐடா பத்திரிகையில் எழுதினார். நம் உயிரையும் உடைமையையும் காக்காத ஊரில் நமக்கு என்ன வேலை, காசைச் சேர்த்துக்கொண்டு புறப்படுங்கள் என்பது அதன் கருத்து. ஆயிரக்கணக்கானோர் வண்டி கட்டிக்கொண்டும் கால்நடையாகவும் மேற்கே ஒக்லஹோமா பக்கம் போனார்கள். போகாதவர்கள் டிராம் வண்டியில் ஏறுவதை நிறுத்தினார்கள்.

ஆறு வாரம் ஆனது. டிராம் கம்பெனியின் பெரிய அதிகாரிகள் இருவர் ஐடாவின் ஆபீசுக்கே வந்துவிட்டார்கள். உங்கள் ஆள்கள் ஏன் வண்டியில் ஏறுவதில்லை, புதிதாக மின்சாரத்தில் ஓடுகிறதே, அதைக் கண்டு பயமா என்று கேட்டார்கள். வருமானம் எப்போதிலிருந்து குறைந்தது என்று திருப்பிக் கேட்டார் ஐடா. சுமார் ஆறு வாரமாக என்றார்கள். அந்த மூன்று பேரைக் கொன்று சரியாக ஆறு வாரம்தான் ஆகிறது என்றார் ஐடா. கொலைக்கும் கம்பெனிக்கும் சம்பந்தம் இல்லை, கம்பெனி வடநாட்டு முதலாளிகளுடையது என்று அவர்கள் சமாளித்தார்கள். ஆனால் நடத்துவது இங்கே உள்ளவர்கள்தானே என்று ஐடா வாயை அடைத்தார். அவர்கள் போனதும், நடந்த பேச்சை அப்படியே பத்திரிகையில் போட்டார். தேவாலயங்களுக்குப் போய், இப்படியே உறுதியாக நடந்து போங்கள் என்று மக்களிடம் சொன்னார்.

கவனியுங்கள். கண்டக்டர் கையைக் கடித்தபோது ஐடா தனி ஆள். மூன்று பேர் தூக்கிப் போட முடிந்தது. ஊரே நடக்கத் தொடங்கியபோது, தூக்கிப் போட ஆள் இல்லை. கம்பெனிக்காரர்களே படியேறி வந்தார்கள்.

எரிந்த பாலம்

கறுப்பின ஆண்கள் பெண்களுக்குத் தீங்கு செய்வதால்தான் கும்பல் கொலை நடக்கிறது என்று அன்று எல்லோரும் சொன்னார்கள். ஐடா ஒவ்வொரு கொலையாக விசாரித்தார். பெரும்பாலும் அது பொய் என்று கண்டு மே மாதம் எழுதினார். அவர் வெளியூர் போயிருந்தபோது, மே 27ஆம் நாள் ஒரு கும்பல் பத்திரிகை ஆபீசை அடித்து நொறுக்கியது. திரும்பி வந்தால் உயிர் இருக்காது என்று மிரட்டல் வந்தது. ஊருக்கு வரும் ரயில்களையெல்லாம் ஆள் போட்டுக் கவனிக்கிறார்கள், வராதீர்கள் என்று நண்பர்கள் எழுதினார்கள். ரயிலில் உட்கார இடம் கேட்டவருக்கு, இப்போது ரயிலில் ஊர் திரும்பவே வழி இல்லை.

ஐடா நியூயார்க் நகரத்தில் இருந்து எழுதினார். 1893லும் 1894லும் இங்கிலாந்து சென்று மேடை மேடையாகப் பேசினார். 1895இல் சிவப்புப் பதிவேடு என்று பொருள்படும் தலைப்பில் ஒரு நூல் வெளியிட்டார். அதில் அவர் செய்தது நல்ல கணக்கு வாத்தியார் செய்யும் வேலை. வெள்ளைக்காரர்களின் பத்திரிகைகள் வெளியிட்ட செய்திகளையே எடுத்து, யார், எங்கே, எந்த நாள், என்ன குற்றச்சாட்டு என்று வரிசையாகப் பட்டியல் போட்டார். அவர்களுடைய கணக்கையே எடுத்துக் காட்டினால் யார் மறுக்க முடியும்!

அதே 1895இல் சிகாகோ நகரத்து வழக்கறிஞர் பெர்டினண்ட் பார்னெட் என்பவரை மணந்தார். தம் பெயரையும் விடாமல் வெல்ஸ்-பார்னெட் என்று சேர்த்து வைத்துக்கொண்டார். பிள்ளைகள் நால்வர். கைக்குழந்தையைத் தூக்கிக்கொண்டே ஊர் ஊராகப் போய்ப் பேசினார். 1909இல் கறுப்பின மக்கள் முன்னேற்றத்துக்கான தேசியச் சங்கத்தைத் தோற்றுவித்தவர்களில் அவரும் ஒருவர்.

1913 மார்ச்சில் வாஷிங்டன் நகரில் பெண்கள் ஓட்டுரிமை கேட்டு ஊர்வலம் போனார்கள். கறுப்பினப் பெண்கள் கடைசி வரிசையில் வரட்டும் என்றார்கள். ரயிலில் முன்பெட்டிக்குப் போ என்றார்கள், இங்கே பின்வரிசைக்குப் போ என்கிறார்கள். ஐடா அம்மையார் ஒன்றும் பேசாமல் விலகிப் போனார். ஊர்வலம் பாதி வழி வந்ததும் கூட்டத்திலிருந்து வெளிப்பட்டு, தம் இல்லினாய் மாநிலத்துப் பெண்களின் நடுவில் சேர்ந்து நடந்தார். அப்போது வயது ஐம்பது. பழக்கம் மாறவில்லை!

பருத்தித் தோட்டத்துப் பன்னிரண்டு பேர்

இந்தச் செய்தி நம் தோட்டத்து மக்களுக்காகவே சொல்லுகிறேன். 1919இல் ஆர்கன்சா மாநிலத்தில் பருத்தி பயிரிட்ட கறுப்பினக் குத்தகைத் தொழிலாளர்கள், விளைச்சலுக்கு நியாயமான விலை வேண்டும் என்று சங்கம் அமைத்தார்கள். தேவாலயத்தில் கூட்டம் நடந்தபோது துப்பாக்கிச் சூடு நடந்தது. அதைத் தொடர்ந்து ஏராளமான கறுப்பின மக்கள் கொல்லப்பட்டார்கள். கடைசியில் தொழிலாளர்கள் பன்னிரண்டு பேருக்கே மரண தண்டனை விதித்தார்கள்.

ஐடா அம்மையார் ஏறக்குறைய முப்பது ஆண்டு கழித்துத் தென்மாநிலத்துக்குத் திரும்பிப் போனார். கைதிகளைப் பார்க்க வந்த சொந்தக்காரப் பெண்களோடு பெண்ணாகச் சிறைக்குள் நுழைந்தார். அவர்கள் அழுதுகொண்டே சாவைப் பற்றியும் மறுமையைப் பற்றியும் பாடினார்கள். அம்மையார் அவர்களைக் கடிந்துகொண்டார். சாவதற்குத் தயாராவதை விடுங்கள், சிறைக் கதவு திறக்கும் என்று நம்பிப் பிரார்த்தியுங்கள் என்றார். விளைந்த பருத்தி எவ்வளவு, பறிபோன ஆடு மாடு எவ்வளவு என்று கேட்டு எழுதிப் புத்தகமாக வெளியிட்டார். சங்கத்தாரும் ஸ்கிபியோ ஜோன்ஸ் என்ற கறுப்பின வழக்கறிஞரும் வழக்கை விடாமல் நடத்தினார்கள். 1925க்குள் பன்னிரண்டு பேரும் விடுதலை ஆனார்கள்.

முடிவும் முடியாததும்

1931 மார்ச் 25ஆம் நாள் சிகாகோவில் அம்மையார் காலமானார். எழுதிக்கொண்டிருந்த சுயசரிதை பாதி வாக்கியத்தில் நின்றுபோனது. அவர் மகள் அதைப் பாதுகாத்து, 1970இல் நூலாகக் கொண்டுவந்தார்.

அவர் இறந்தபோதும் தனிப் பெட்டி இருந்தது. 1896இல் நாட்டின் உச்ச நீதிமன்றமே அதைச் சரி என்று சொல்லிவிட்டது. 1955 டிசம்பரில் அலபாமா மாநிலத்து மாண்ட்கமரி நகரில் ரோசா பார்க்ஸ் அம்மையார் பஸ்ஸில் இடத்தை விட்டு எழ மறுத்தார். கறுப்பின மக்கள் 381 நாள் பஸ்ஸில் ஏறாமல் நடந்தார்கள். மெம்பிஸ் மக்கள் நடந்த அதே நடைதான். 1961இல் கறுப்பர் வெள்ளையர் இரு இனத்து இளைஞர்களும் ஒன்றாகப் பஸ்ஸில் ஏறித் தென்மாநிலங்களுக்குப் போனபோது, அலபாமாவில் ஒரு பஸ்ஸுக்குத் தீ வைத்தார்கள், பிள்ளைகளை இரத்தம் சொட்ட அடித்தார்கள். அவர்கள் நிறுத்தவில்லை. அந்த ஆண்டு முடிவதற்குள் ஊர்விட்டு ஊர் போகும் பஸ்களிலும் நிலையங்களிலும் இருந்த பிரிவினைப் பலகைகளை எடுக்க உத்தரவு வந்தது.

அம்மையாரைத் துரத்திய மெம்பிஸ் நகரம் 2021இல் அவருக்குச் சிலை வைத்தது. கும்பல் கொலையைத் தனிக் குற்றமாக்கும் மத்திய சட்டம் 2022இல்தான் வந்தது. 2025இல் அமெரிக்க 25 காசு நாணயத்தில் அவர் முகத்தைப் பொறித்தார்கள். 500 டாலரைப் பிடுங்கிய நாடு அவர் படத்தைக் காசிலேயே போட்டது!

பெற்றோர்களே, ஐடாவின் தந்தையார் மகளைப் பத்திரிகை படிக்கச் சொல்லிக் கேட்டார். இன்று உங்கள் பிள்ளை பரிசுப் புத்தகத்தோடு வீட்டுக்கு வரும். அதை அலமாரியில் வைத்துவிடாதீர்கள். வேலை முடிந்து வந்து உட்கார்ந்ததும், எங்கே, ஒரு பக்கம் படி பார்க்கலாம் என்று கேளுங்கள்.

மாணவர்களே, கோர்ட்டில் தோற்றது வீணா என்று நடுவில் ஒரு கேள்வி கேட்டிருந்தேன். பதிலை நான் சொல்லப் போவதில்லை. வகுப்பில் உங்கள் ஆசிரியரிடம் சொல்லுங்கள்.